துப்பாக்கியில் பூத்த பூ: புவனோஸ் ஐரஸில் ஏழு நாள்

நாள் 1, சனி

எசெய்சா விமான நிலையத்தை விட்டு வெளியே வந்த இரண்டாவது நிமிடம் காது விறைத்துவிட்டது. ஜூன் மாதம் இங்கே குளிர்காலம் என்று தெரிந்துதான் வந்தேன். தெரிந்திருந்து என்ன, காதுக்குத் தெரியவில்லையே.

டாங்கோ பார்க்க வரவில்லை. மாட்டிறைச்சிக்காகவும் வரவில்லை. பழைய விளையாட்டுப் பத்திரிகைகளைத் தேடி வந்திருக்கிறேன். சொன்னால் சிரிப்பார்கள் என்று விமானத்தில் பக்கத்து இருக்கைக்காரரிடம் சுற்றுலா என்று சொல்லிவைத்தேன். சின்ன வயதில் விளையாட்டுப் பத்திரிகையின் நடுப்பக்கப் படத்தைப் பின் கழற்றி, கிழியாமல் எடுத்துச் சுவரில் ஒட்டியவன் நான். ஒரு பத்திரிகை பொய் சொல்லும் என்று தெரிந்த வயதிலும், விளையாட்டுப் பத்திரிகை சொல்லும் என்று தோன்றியதில்லை. ஸ்கோரை மாற்றி அச்சடிக்க முடியுமா என்ன?

1978 ஜூனில் அர்ஜென்டினாவில் உலகக் கோப்பைக் கால்பந்து நடந்தது. அப்போது ஆட்சியில் இருந்தது ராணுவம். அந்த மாதம் இந்த ஊர்ப் பத்திரிகை ஒன்றில் வந்த ஒரு கடிதத்தைப் பற்றி எப்போதோ படித்தேன். அதைத் தாளாகக் கையில் பிடித்துப் பார்க்க வேண்டும் என்ற ஆசை, இத்தனை வருடம் கழித்து டிக்கெட் போடும் அளவுக்கு முற்றிவிட்டது. இன்றைக்கு வேறொன்றும் இல்லை. தூக்கம்.

நாள் 2, ஞாயிறு

மெட்ரோவை இங்கே சுப்தே என்கிறார்கள். ஏ தடத்தில் ஏறி அக்கோய்தே நிறுத்தத்தில் இறங்கினால் பார்க்கே ரிவதாவியா. பூங்காவின் ஓரத்தில் வரிசையாகப் பழைய புத்தகக் கடைகள். பள்ளிப் பாடநூல், காமிக்ஸ், தபால்தலை, இசைத்தட்டு, நடுநடுவே பிளாஸ்டிக் உறைக்குள் பத்திரிகைகள்.

நான் போய் நின்ற கடைக்காரருக்கு எழுபதைத் தாண்டிய வயது. எல் கிராஃபிகோ என்று வாயைத் திறந்ததும், "கெம்பஸா, மரடோனாவா?" என்றார். இந்த நாட்டின் இரண்டு பெரிய கால்பந்து வீரர்கள், இரண்டு பேருக்கும் தனித்தனி அடுக்கு வைத்திருக்கிறார். எனக்கு 1978 ஜூன் வேண்டும் என்றேன். "அப்போ கெம்பஸ்" என்று குனிந்து எடுத்தார்.

எல் கிராஃபிகோ 1919இல் தொடங்கிய பத்திரிகை. வெளியிட்டது அட்லாந்திதா நிறுவனம். முதலில் பொதுவான படப் பத்திரிகையாக வந்து, சில வருடங்களில் முழுக்க விளையாட்டுக்கு மாறியது. லத்தீன் அமெரிக்கா முழுக்க வாங்கிப் படித்தார்கள். விளையாட்டின் பைபிள் என்றே பெயர். 2018இல் அச்சு நின்றுபோனது. அதைச் சொல்லும்போது கடைக்காரர் தாத்தா செத்ததைச் சொல்வதுபோலச் சொன்னார்.

கட்டு ஒன்றை வாங்கிக்கொண்டு (விலை பேசும் அளவுக்கு என் ஸ்பானிஷ் தேறியிருக்கிறது, ஜெயிக்கும் அளவுக்குத் தேறவில்லை) சிமோன் பொலிவார் நினைவுச் சின்னத்துக்குப் பக்கத்தில் உட்கார்ந்து பிரித்தேன். உள்ளே கோடு போட்ட நோட்டுத் தாள் ஒன்று நான்காக மடித்து இருந்தது. குழந்தைக் கையெழுத்து. ஹங்கேரி 2-1. பிரான்ஸ் 2-1. இத்தாலி 0-1. போலந்து 2-0. பிரேசில் 0-0. பெரு 6-0. ஹாலந்து 3-1. பெருவுக்கு எதிரான அந்த ஆறை மட்டும் பேனா தாளைக் கிழிக்கும் அளவுக்கு அழுத்தி, மேலே மேலே எழுதியிருந்தது. எந்த வீட்டுப் பிள்ளையோ. இன்றைக்கு அதற்கு ஐம்பத்தைந்து வயதுக்கு மேல் இருக்கும்.

கடிதமும் இருந்தது.

ஹாலந்து அணியின் தலைவர் ரூட் க்ரோல் தன் சின்ன மகளுக்கு எழுதியதாகக் கையெழுத்துப் பிரதியோடு போட்டிருக்கிறார்கள். சாரம் இதுதான்: அப்பா நலமாக இருக்கிறேன், உன் பொம்மை என்னிடம் இருக்கிறது, குட்டிச் சிப்பாய்களின் பட்டாளம் ஒன்று என்னைப் பத்திரமாகப் பார்த்துக்கொள்கிறது, அவர்கள் துப்பாக்கியிலிருந்து பூக்கள்தான் வருகின்றன, உன் தோழிகளிடம் உண்மையைச் சொல், அர்ஜென்டினா அன்பின் பூமி.

க்ரோல் அப்படி ஒரு கடிதம் எழுதவே இல்லை. தெரியவந்ததும் மறுத்தார். மறுக்காமல் விட்டிருந்தாலும் யோசித்தால் பிடிபட்டிருக்கும்: கடிதம் ஆங்கிலத்தில் இருக்கிறது. டச்சுக்காரர் தன் டச்சு மகளுக்கு எதற்கு ஆங்கிலத்தில் எழுத வேண்டும்? பொம்மை வரைக்கும் யோசித்தவர்கள் மொழியை யோசிக்கவில்லை.

பூ வந்த அந்தத் துப்பாக்கிகளின் காலத்தில் கடத்தப்பட்டுக் காணாமல் போனவர்கள் 30,000 பேர் என்பது இங்குள்ள மனித உரிமை அமைப்புகள் சொல்லும் கணக்கு.

அந்தப் பக்கத்தைவிட அதன் அக்கம்பக்கம்தான் என்னைத் தொந்தரவு செய்தது. முன்னும் பின்னும் அருமையான பத்திரிகை அது. படங்கள் துல்லியம். ஆட்ட விமர்சனங்களில் ஒரு பாஸை வைத்து அரைப் பத்தி எழுதுகிறார்கள், சலிக்கவில்லை. அந்த எழுத்தை நம்பி வந்த கண், அதே வேகத்தில் இந்தக் கடிதத்துக்குள்ளும் போய்விடுகிறது. எனக்கே இரண்டு வரி வரைக்கும் அப்படித்தான் போனது, தெரிந்திருந்தும்.

போட்டியின் சின்னம் எல்லா இடத்திலும் இருக்கிறது: பந்தைத் தூக்கிப் பிடித்த இரண்டு கைகள்போல நீலக் கோடுகள். ராணுவம் யாரையோ வைத்து அழகாக வரைந்து வாங்கியிருக்கிறது.

நாள் 3, திங்கள்

நேற்றைய கடைசி வரி தப்பு. அந்தச் சின்னம் ராணுவம் வருவதற்கு முன்பே, அதிபர் பெரோனின் கட்சி ஆண்ட பெரோனிஸ்ட் ஆட்சிக் காலத்தில் வரைந்தது. கூட்டத்தைப் பார்த்து இரண்டு கையையும் தூக்கும் பெரோனின் பழக்கத்தை வைத்து வரைந்ததாம். பெரோனிஸ்ட் ஆட்சியைக் கவிழ்த்து வந்த தளபதிகள் மாற்றியிருப்பார்கள். அதற்குள் வியாபார ஒப்பந்தங்கள் கையெழுத்தாகிவிட்டன. ஆக, போட்டி நடந்த காலம் முழுக்கப் பெரோனின் கைகள் சுவரெல்லாம் எழும்பி நின்றன. இதைச் சொன்னவர் தேசிய நூலகத்தில் எனக்குப் பக்கத்து மேசையில் இருந்த ஆராய்ச்சி மாணவி. இந்த நூலகமே பெரோன் குடியிருந்து, அவர் மனைவி எவிதா உயிர்விட்ட மாளிகையை இடித்த இடத்தில்தான் நிற்கிறது என்பதையும் அவரே சொன்னார்.

கட்டடம் கான்கிரீட் காளான்போல இருக்கிறது. படிக்கும் கூடங்கள் மேலே தூக்கி நிறுத்தியிருக்க, பத்திரிகைப் பிரிவு மட்டும் தரைக்குக் கீழே. நாள் முழுக்க அங்கேதான் இருந்தேன்.

1976 மார்ச் 24 அன்று ராணுவம் ஆட்சியைப் பிடித்தது. வானொலி, தொலைக்காட்சி எல்லாவற்றிலும் வரிசை எண் போட்ட அறிக்கைகள், ராணுவ இசை. அதில் 23ஆம் எண் அறிக்கை ஒரு விதிவிலக்குக்காக: அன்று போலந்தின் ஹோஜுஃப் நகரில் நடக்கும் அர்ஜென்டினா ஆட்டத்தை ஒளிபரப்பலாம். அர்ஜென்டினா 2-1 என ஜெயித்தது. ஆட்சிக்கு வந்து ஒரு நாள் முடியவில்லை, கால்பந்தைத் தொடக்கூடாது என்று அவர்களுக்குத் தெரிந்திருக்கிறது.

கோப்பையை நடத்தத் தனி அமைப்பு போட்டார்கள். தலைவராக வந்த ஜெனரல் ஒமார் ஆக்திஸ் அந்த ஆகஸ்டிலேயே சுட்டுக் கொல்லப்பட்டார். அதன்பின் பிடி கடற்படையைச் சேர்ந்த கார்லோஸ் லகோஸ்தேயின் கைக்குப் போனது. செலவு எகிறியது. கணக்குக் கேட்டவர் வெளியாள் இல்லை, அரசின் நிதிச் செயலர் ஹுவான் அலெமான். 1978 ஜூன் 21, பெருவுக்கு எதிராக நான்காவது கோல் விழுந்த நேரத்தில் அவர் வீட்டில் குண்டு வெடித்தது. இறுதி ஆட்டத்துக்குப் போக அந்த நான்காவது கோல்தான் தேவைப்பட்டது. லகோஸ்தே பிற்பாடு ஃபிஃபாவின் துணைத் தலைவரானார்.

இதையெல்லாம் விட இன்று எனக்குப் புதிதாகக் கிடைத்தது வேறு ஒன்று. கோப்பைக்காக வண்ண ஒளிபரப்பு நிலையம் கட்டினார்கள். வண்ணம் வெளிநாட்டுக்குப் போனது. உள்ளூர் வீடுகளில் கறுப்பு வெள்ளைதான். இங்கே வண்ண ஒளிபரப்பு 1980இல்தான் வந்தது. அதாவது மைதானத்துக்குப் போக முடியாத ஒரு குடும்பத்துக்குத் தங்கள் அணியின் வெளிர்நீலக் கோடுகளை நிறத்தோடு காட்டியது பத்திரிகையின் வழவழத் தாள்தான். நோட்டுத் தாளில் ஸ்கோர் எழுதிய பிள்ளை அந்த இதழை ஏன் பத்திரப்படுத்தியது என்று இப்போது புரிகிறது.

எல்லாரும் ஒரே குரலில் பாடவில்லை. நாளிதழான கிளாரினில் காலோய் வரைந்த கிளெமெந்தே என்ற கைகளில்லாத கேலிச்சித்திரப் பறவை ஒன்று உண்டு. மைதானத்தில் காகிதத் துண்டுகளை வாரி இறைப்பது இவர்கள் வழக்கம். வெளிநாட்டுக்காரர்கள் முன்னால் குப்பையா, நிறுத்துங்கள் என்று வானொலியின் புகழ்பெற்ற வர்ணனையாளர் ஹோசே மரியா முன்யோஸ் பிரசாரம் செய்தார். கிளெமெந்தே தினமும் வந்து, போடுங்கடா காகிதத்தை என்றது. கடைசியில் மைதானத்தின் மின்பலகையிலேயே கிளெமெந்தே தோன்றியது, காகிதம் பனிபோலக் கொட்டியது. அந்த வருடத்துப் படங்களில் புல்தரை வெள்ளையாக இருப்பதன் கதை இதுதான். அதே ஜூனில் ஹூமோர் என்ற நையாண்டிப் பத்திரிகை முதல் இதழோடு வந்தது. அட்டையில் அணியின் பயிற்சியாளர் மெனோத்திக்குப் பொருளாதார அமைச்சர் மர்த்தீனெஸ் தே ஓஸின் காதுகளை ஒட்டி வைத்திருந்தார்கள்: என்ன செலவானாலும் கோப்பை நடந்தே தீரும். பார்த்துச் சத்தமாகச் சிரித்துவிட்டேன். நூலகர் பார்த்த பார்வையில் வாயை மூடிக்கொண்டேன்.

நாள் 4, செவ்வாய்

மழை. எங்கும் போகவில்லை. கட்டிலில் சாய்ந்து, மடியில் அகராதி, பக்கத்தில் பூரணம் வைத்துச் சுட்ட எம்பனாதா. கீழ்த்தாடைக்கு வேலை, கண்ணுக்கும் வேலை.

எல் கிராஃபிகோவின் தலையங்கம் ஒன்றை முழுசாகப் படித்தேன். பல மாதங்களாக அர்ஜென்டினாவைப் பற்றிப் பொய்களைப் பரப்பிய விஷமத்தனமான வெளிநாட்டுப் பத்திரிகைகளுக்கு இந்தப் போட்டி உண்மையைக் காட்டுகிறது என்பது அதன் பொருள். கொலை, கடத்தல் எதைப் பற்றியும் பேச்சில்லை, மறுக்கக்கூட இல்லை. மறுத்தால் என்ன குற்றச்சாட்டு என்று வாசகன் கேட்பானே.

நாள் 5, புதன்

டி தடத்தின் கடைசி நிறுத்தம் கொங்ரேசோ தே துகுமான். அங்கிருந்து நடந்து லிபர்த்தாதோர் அவென்யூவுக்குப் போனால் வெள்ளைத் தூண்கள் வைத்த ஒரு கட்டடம், நல்ல பள்ளிக்கூடம்போலத் தெரியும். பள்ளிக்கூடமேதான்: கடற்படை இயந்திரவியல் பள்ளி, சுருக்கமாக எஸ்மா. சுமார் 5,000 பேர் இதற்குள் கொண்டுவரப்பட்டார்கள். பெரும்பாலோர் திரும்பவில்லை, பலரை மயக்க ஊசி போட்டு விமானத்திலிருந்து ஆற்றிலும் கடலிலும் வீசினார்கள். இன்று அதிகாரிகள் விடுதி இருந்த கட்டடம் நினைவு அருங்காட்சியகம். 2023இல் யுனெஸ்கோ பட்டியலில் சேர்ந்தது.

மேல்தளத்தில் கபூச்சா. தலைமூடி என்று பொருள். கைதிகளைத் தலையில் துணிமூடியோடு, பலகைத் தடுப்புகளுக்கிடையில் படுக்கப்போட்ட இடம். கூரை சரிந்து வருவதால் ஓரங்களில் குனிந்துதான் நிற்க முடியும். சன்னல் சின்னது. இங்கே கிடந்தவர்களுக்கு மைதானத்தின் கூச்சல் கேட்டது என்று உயிர்பிழைத்தவர்கள் சாட்சி சொல்லியிருக்கிறார்கள். ஏன் கேட்காது? இறுதி ஆட்டம் நடந்த மொனுமெந்தால் மைதானம் இங்கிருந்து ஏறக்குறைய ஒரு கிலோமீட்டர்.

கபூச்சா இருக்கும் அதே தளத்தில் பெசேரா. மீன்தொட்டி. எனக்கு அதிக நேரம் ஆனது இங்கேதான். கண்ணாடிபோன்ற தடுப்புகள் வைத்துச் சின்னச் சின்ன அறைகள். உள்ளே மேசை, தட்டச்சு இயந்திரம், பத்திரிகைக் கத்தரிப்புகள். படித்த கைதிகளைப் பொறுக்கி இங்கே உட்காரவைத்தார்கள். வெளிநாட்டுப் பத்திரிகைகளை மொழிபெயர்ப்பது, அர்ஜென்டினா பற்றி வந்ததை வெட்டி ஒட்டித் தொகுப்பது, செய்தி எழுதுவது. கடற்படைத் தளபதி மசேராவுக்கு அரசியல் ஆசை இருந்தது. அதற்குச் சம்பளம் இல்லாத ஒரு பத்திரிகை அலுவலகம் கிடைத்துவிட்டது. கத்தரிப்பு செய்பவர் சுணங்கினால் என்ன ஆகும் என்று அவருக்கும் தெரியும், மேற்பார்வையாளருக்கும் தெரியும்.

எல் கிராஃபிகோவின் தங்கைப் பத்திரிகை ஒன்று உண்டு, பாரா தி. பெண்களுக்கானது, அதே அட்லாந்திதா. 1979 செப்டம்பரில் அதில் ஒரு பேட்டி வந்தது: இறந்துபோன தீவிரவாதியின் தாய் மனம் திறக்கிறார், மகன் கெட்டுப்போனதற்கு யார் காரணம் என்று சொல்கிறார். அந்தத் தாய் அப்போது இதே எஸ்மாவில் கைதி. தலை வாரி, நல்ல துணி உடுத்தி, வெளியே ஒரு காபிக் கடைக்குக் கூட்டிப்போய் உட்காரவைத்துப் படம் எடுத்தார்கள். பிறகு திரும்பவும் இங்கே. அவர் பிழைத்து, சாட்சியும் சொன்னார்.

வெளியே வந்து மைதானத்துக்கு நடந்தேன். வேகமாக நடக்கவில்லை, கால்மணி நேரம்போல ஆனது. நடுவில் நல்ல வீடுகள், நாய் நடத்துபவர்கள், பெட்ரோல் பங்க். 1978 ஜூன் 25 அன்று இங்கே அர்ஜென்டினாவுக்காக கெம்பஸ் இரண்டு கோல், பெர்தோனி ஒன்று. ஹாலந்தின் ரென்சன்பிரிங்க் கடைசி நிமிடத்தில் அடித்த பந்து கம்பத்தில் பட்டுத் திரும்பியது. இல்லையென்றால் கதை வேறு. ராணுவ ஆட்சியின் தலைவர், தளபதி விதேலா கோப்பையை எடுத்து அணித் தலைவர் பசரெல்லா கையில் கொடுத்தார்.

அன்று இரவு எஸ்மாவின் அதிகாரிகள் சில கைதிகளைக் காரில் ஏற்றி ஊர்வலம் பார்க்கக் கூட்டிப்போனார்கள். தெரு முழுக்க ஜனம். ஒரு பெண் கைதி காரின் மேல்திறப்பு வழியாகத் தலையை நீட்டிப் பார்த்தார். நான் காணாமல் போனவள் என்று கத்தினால் ஒருத்தர்கூடத் திரும்பிப் பார்க்க மாட்டார்கள் என்று அப்போது தோன்றியதாகப் பின்னாளில் சொன்னார்.

இதற்கு மேல் இன்று எழுத வரவில்லை.

நாள் 6, வியாழன்

வியாழக்கிழமை மதியம் மூன்றரைக்கு பிளாசா தே மாயோ சதுக்கத்தில், காணாமல் போன பிள்ளைகளைத் தேடும் அன்னையர் சுற்றி நடப்பார்கள். 1977இலிருந்து நடக்கிறது. தரையில் வெள்ளைத் தலைக்குட்டை வரைந்திருக்கிறார்கள். இன்றும் வந்திருந்தார்கள், சிலர் சக்கர நாற்காலியில்.

1978 ஜூன் 1ஆம் தேதியும் ஒரு வியாழன். அன்று மதியம் கோப்பை தொடக்க விழா. உலகத்தின் கேமராக்கள் மொனுமெந்தாலில். ஹாலந்துத் தொலைக்காட்சிக்காரர்கள் இங்கே வந்து அன்னையரைப் படம் பிடித்தார்கள். எங்கள் பிள்ளைகள் எங்கே, உயிரோடு இருக்கிறார்களா என்று மட்டுமாவது சொல்லட்டும், உங்களை விட்டால் எங்களுக்கு வேறு கதியில்லை என்று ஒரு தாய் கேமராவைப் பார்த்துக் கெஞ்சும் காட்சி அப்படிக் கிடைத்தது. விளையாட்டைப் பார்க்க வந்த செய்தியாளர்கள் எடுத்தது.

சதுக்கத்திலிருந்து அவெனிதா தே மாயோ வழியாக 760ஆம் எண் வரை நடந்தேன். 1979 செப்டம்பரில் அமெரிக்க நாடுகளின் மனித உரிமை ஆணையம் இங்கே உட்கார்ந்து புகார் வாங்கியது. உறவினர்கள் தெருவைச் சுற்றி வரிசை நின்றார்கள். 5,500க்கும் மேற்பட்ட புகார்கள். 7ஆம் தேதி காலை, டோக்கியோவில் இளையோர் உலகக் கோப்பையை மரடோனாவின் அணி ஜெயித்தது. முன்யோஸ், ஆமாம், அந்தக் காகித முன்யோஸ்தான், அவெனிதா தே மாயோவுக்குப் போங்கள், ஆணையத்தாருக்கு அர்ஜென்டினாவின் உண்மை முகத்தைக் காட்டுங்கள் என்று வானொலியில் ரசிகர்களைக் கிளப்பிவிட்டார். வந்தார்கள். கொடியோடு, ஆட்டத்தோடு, வரிசையில் நின்ற தாய்மார்களின் முகத்துக்கு நேராக. இப்போது கீழே நடைபாதையில் ஒருவர் கைப்பேசி உறை விற்கிறார்.

நாள் 7, வெள்ளி

இரவு விமானம். காலையில் மறுபடியும் பார்க்கே ரிவதாவியா. அந்த 1979 செப்டம்பர் பாரா தி கிடைக்குமா என்று கடைக்காரரிடம் கேட்டேன்.

"கிடைக்காது" என்றார். தேடவே இல்லை.

"ஏன், அரிதா?"

"அப்போது வாரா வாரம் மலைபோல விற்றது. ஆனால் அதை யார் எடுத்து வைப்பார்கள்? சமையல் குறிப்பை வெட்டிக்கொண்டு மீதியை எறிந்துவிடுவார்கள்." பிறகு கெம்பஸ் அடுக்கைத் தட்டினார். "இதை எறிய மாட்டார்கள். கோல் இருக்கிறதே."

நோட்டுத் தாளை எடுத்துக் காட்டி, இது உள்ளே இருந்தது, உங்களுக்கு வேண்டுமா என்றேன். கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றி, கண்ணுக்குப் பக்கத்தில் வைத்து ஒவ்வொரு ஸ்கோராகப் படித்தார். இத்தாலி 0-1க்கு வந்ததும் நாக்கைச் சப்புக்கொட்டினார், நேற்றுத் தோற்றதுபோல. பிறகு நான்காக மடித்து, இருந்த பக்கத்திலேயே செருகி, இதழை உறைக்குள் போட்டு டேப் ஒட்டிக் கொடுத்தார். செருகிய பக்கம் எது என்று விடுதிக்கு வந்து பார்த்தேன். கடிதம் இருந்த பக்கம்.